அட்டைக் கப்பலும் கயத்தாற்றுப் புளியமரமும்

1801 மே 24ஆம் தேதி பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை விழுந்தது. சில மைல் தள்ளியிருந்த ஓர் ஊரிலிருந்து வந்த தாய் ஒருத்தி, பிணக்குவியலுக்குள் தன் மகனைத் தேடினாள். மகன் கிடைத்தான், உயிரும் இருந்தது. ஆனால் அவன் கேட்டது வேறு. தன்னை விட்டுவிட்டு, பக்கத்தில் குற்றுயிராகக் கிடந்த ‘சாமி’யைக் காப்பாற்றச் சொன்னான். சாமி என்றது கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையை. பெண்கள் அவரைத் தூக்கிக்கொண்டு ஊருக்குப் போனார்கள். ஆங்கிலேயர் பக்கம் நின்ற எட்டயபுரத்து ஆட்கள் தேடி வந்தபோது ஊமைத்துரை மேல் வெள்ளைத் துணியைப் போர்த்திவிட்டு மாரடித்து அழத் தொடங்கினார்கள். ஏழைப் பையன் அம்மை கண்டு செத்துப்போனான் என்றார்கள். வந்தவர்கள் அம்மைக்குப் பயந்து ஓடிவிட்டார்கள். ஒப்பாரி உண்மை, பிணம் பொய்.

இதை எழுதிவைத்தவர் பாளையக்காரர் தரப்பில் யாரும் இல்லை. கோட்டையைத் தாக்கிய கிழக்கிந்தியக் கம்பெனிப் படையில் இருந்த ஜேம்ஸ் வெல்ஷ், 1830இல் வெளியிட்ட தன் இராணுவ நினைவுகளில் எழுதினார். ஒரு குடிசை, ஒரு துணி, நான்கு பெண்கள், வாசலில் சில வேல்கம்புகள்: பத்து நிமிடக் குறும்படம் கேட்பதெல்லாம் இதில் இருக்கிறது. ஆனால் போர் என்றதும் நம் சினிமாவின் நினைவு இந்தப் பக்கம் வருவதில்லை. குதிரைக்கும் பீரங்கிக்கும் நீண்ட வசனத்துக்கும்தான் போகிறது. போரில் உள்ள நாடகத்தையும் அபத்தத்தையும் உலகக் குறும்படங்கள் எப்படிக் கையாண்டன, தூத்துக்குடியைச் சுற்றிய முத்துக்குளித்துறைக் கரையில் நடந்த போர்களோடு அதை வைத்துப் பார்த்தால் என்ன தெரிகிறது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

முதலில் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். சினிமாவில் போர், பிறக்கும்போதே பொய்யாகத்தான் பிறந்தது. 1897இல் கிரேக்க - துருக்கிப் போர் நடந்தபோது பிரான்சின் ழார்ழ் மெலியே, பாரிசுக்கு அருகே தன் தோட்டத்துக் கூடத்தில் ஆடும் கப்பல் தளம் ஒன்றைக் கட்டிக் கடற்போரைப் படமாக்கினார். அடுத்த ஆண்டு அமெரிக்கா ஸ்பெயினோடு மோதியபோது, நியூயார்க்கில் ஸ்மித்தும் பிளாக்டனும் போர்க்கப்பல் புகைப்படங்களைக் கத்தரித்துத் தண்ணீரில் மிதக்கவிட்டார்கள். சிட்டிகை வெடிமருந்தைக் கொளுத்தினார்கள். பீரங்கிப் புகைக்குப் பக்கத்தில் நின்றவர்கள் சுருட்டும் சிகரெட்டும் ஊதினார்கள். சாந்தியாகோ விரிகுடாப் போர் என்று அது ஓடியது. மக்கள் நம்பினார்கள். 1916இல் வந்த ‘சோம் போர்’ நீளமான படம்தான், ஆனாலும் இந்த வரிசையில் சேர்க்க வேண்டியது. பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் ஏறிப் பாயும் அதன் புகழ்பெற்ற காட்சி, போர்முனைக்குப் பின்னால் பயிற்சிக் களத்தில் நடித்து எடுக்கப்பட்டது. அதே படத்தில் உண்மையான பிணங்களும் உண்டு. எது நடிப்பு, எது சாவு என்று பார்ப்பவர் பிரித்தறிய முடியாத நிலை நூறாண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டது.

சினிமாக்காரர்களை மட்டும் குறை சொல்வதில் பொருளில்லை. 1914 செப்டம்பர் 22 இரவு சென்னை மீது குண்டு போட்ட ஜெர்மன் கப்பல் எம்டனுக்குப் புகைபோக்கி மூன்று. அடுத்த மாதம் பினாங்குத் துறைமுகத்துக்குள் நுழைந்தபோது அதற்கு நான்கு இருந்தன. நான்காவது பொய்ப் புகைபோக்கி, பிரிட்டிஷ் கப்பல் போலத் தெரிவதற்காக மாலுமிகளே செய்தது. கடற்படைத் தலைவனும் கலை இயக்குநரும் ஒரே வேலையைச் செய்திருக்கிறார்கள். பினாங்கில் அந்த வேடத்துக்குப் பலியானவர்கள் எழுந்து ஒப்பனையைக் கலைக்கவில்லை என்பதுதான் வேறுபாடு.

போரைக் கேலி செய்த படங்களில் சாப்ளினின் ‘ஷோல்டர் ஆர்ம்ஸ்’ முன்னோடி. முதல் உலகப்போர் முடிய மூன்று வாரம் இருக்கும்போது, 1918 அக்டோபரில் வெளியானது. மரத்தின் வேடம் போட்டுக்கொண்டு எதிரிப் பகுதிக்குள் நடக்கும் சிப்பாய்தான் இன்றும் அதிலிருந்து நினைவில் நிற்கிறான். ஆனால் குறும்படத்தின் முழு வலிமையும் தெரிந்தது 1952இல் கனடாவின் நார்மன் மெக்லாரன் எடுத்த ‘நெய்பர்ஸ்’ படத்தில். எட்டு நிமிடம். இரண்டு அண்டை வீட்டார், இரு வீட்டு எல்லையில் முளைக்கும் ஒரு பூ. பூ யாருக்கு என்ற சண்டையில் வேலி வருகிறது, வேலிக் குச்சி வாளாகிறது, இருவரும் செத்து மடிகிறார்கள். வீடுகள் வெறும் வண்ணத் தட்டிகள் என்பதை மெக்லாரன் மறைக்கவே இல்லை. நடிகர்களைப் பொம்மைகளைப்போல ஒவ்வொரு சட்டகமாக நகர்த்திப் படம் பிடித்தார். முகத்தில் போர்வண்ணம் ஏறி இருவரும் ஒருவரை ஒருவர் குதறும்போது மனித உடலே இயந்திரத் துடிப்பில் ஆடுகிறது. சிரிப்பு வரும், வந்த வேகத்தில் தொண்டையில் அடைக்கும்.

இந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்த பிரிவு ஆவணக் குறும்படம்! ஒரு காட்சிகூட ஆவணம் இல்லாத படம். விருதுக்குழு தெரியாமல் செய்ததோ என்னவோ, எனக்கு அது சரியான பிரிவாகவே படுகிறது. சண்டை முற்றி இருவரும் எதிராளியின் மனைவியையும் கைக்குழந்தையையும் கொல்லும் காட்சி, பரவலான திரையிடலுக்காக வெட்டப்பட்டது. வியட்நாம் போர்க் காலத்தில்தான் திரும்பச் சேர்ந்தது. ஆண்கள் இருவர் அடித்துக்கொண்டு சாவதைப் பார்த்துச் சிரிக்க இடம் கொடுத்தவர்களுக்கு, அந்தச் சிரிப்பு வீட்டுக்குள் நுழைந்ததும் பொறுக்கவில்லை.

மெக்லாரனின் இருவரில் ஒருவராக நடித்த கிராண்ட் மன்ரோ 1966இல் ‘டாய்ஸ்’ எடுத்தார். கடைக் கண்ணாடிக்கு வெளியே குழந்தைகள் பார்த்துக்கொண்டிருக்க, உள்ளே பொம்மைச் சிப்பாய்கள் நிஜமாகவே போரிடத் தொடங்குவார்கள். அதற்கு இரண்டாண்டு முன் அமெரிக்காவில் ஹப்ளி தம்பதியர் எடுத்த அனிமேஷன் படம் ‘தி ஹாட்’. எல்லைக்கோட்டின் இருபுறமும் இரண்டு காவலர்கள். ஒருவனின் தலைக்கவசம் உருண்டு மறுபக்கம் விழுந்துவிடுகிறது. எடுக்கப் போனால் படையெடுப்பு. எடுத்துக் கொடுத்தால் துரோகம். இருவரும் பேசிப் பேசி உலகத்தின் போர் வரலாறு முழுவதையும் அலசுகிறார்கள். தொப்பி கிடக்கிறது. நம் நாட்டில் இதற்குப் பக்கத்தில் வைக்கத் தக்கது அஷ்வின் குமாரின் ‘லிட்டில் டெரரிஸ்ட்’ (2004). கிரிக்கெட் பந்தை எடுக்கக் கண்ணிவெடி வயலைத் தாண்டும் பாகிஸ்தான் சிறுவன் ராஜஸ்தானுக்குள் வந்துவிடுகிறான். ஆஸ்கர் பரிந்துரை வரை போன படம். அபத்தத்தைவிட மனிதநேயத்தின் மேல் அதற்குச் சாய்வு அதிகம். தொப்பியை அங்கேயே கிடக்கவிட்ட ஹப்ளிகளின் துணிச்சல் அதில் இல்லை என்பது என் கருத்து.

தூத்துக்குடிக்காரர்களுக்கு ‘தி ஹாட்’ புரிய விளக்கவுரை வேண்டாம். 1974இல் பாக் நீரிணையிலும், 1976 மார்ச்சில் மன்னார் வளைகுடாவிலும் இந்தியாவும் இலங்கையும் கடல் எல்லை வகுத்தன. தண்ணீரில் கோடு நிற்காது. அட்சரேகை தீர்க்கரேகைப் புள்ளிகளாகக் காகிதத்தில் நிற்கிறது. மீன் அந்தக் காகிதத்தைப் படித்ததில்லை. நம் படகுகள் அந்தப் பக்கம் போய்ப் பிடிபடும் செய்தி வாராவாரம் வருகிறது. எதிர்த்திசையில் வந்து, இந்தியக் கடலோரக் காவல்படையிடம் பிடிபட்டுத் தருவைகுளத்துக்குக் கொண்டுவரப்படும் இலங்கை மீனவர் கதை அவ்வளவாகச் சொல்லப்படுவதில்லை. இரு கரையிலும் ஒரே விசாரணை, ஒரே படிவம், ஒரே காத்திருப்பு. பாத்திரங்கள் மட்டும் இடம் மாறுகின்றன. போரே அறிவிக்கப்படாத இடத்தில் போர்க்கைதிகளைப் போலப் பரிமாற்றம் நடக்கிறது.

இனிக் கட்டபொம்மன். நாடகம் என்றாலே வசனம் என்றாகிவிட்ட நமக்கு, 1798இல் நடந்ததில் வசனத்தைவிடக் காத்திருப்பே பெரிய பாத்திரம் என்பது மறந்துவிட்டது. கலெக்டர் ஜாக்சன் தன்னை வந்து பார்க்கச் சொல்லி ஆள் அனுப்பினார். கட்டபொம்மன் போன இடத்தில் கலெக்டர் இல்லை. குற்றாலம், சொக்கம்பட்டி, சிவகிரி, ஸ்ரீவில்லிபுத்தூர் என்று துரை முன்னே போக, பாளையக்காரர் பரிவாரத்தோடு பின்னே போனார். இருபத்துமூன்று நாள் இந்த ஊர்வலம் நடந்தது என்பார்கள். செப்டம்பரில் இராமநாதபுரத்தில் ஒருவழியாகச் சந்தித்தபோது நிற்கவைத்தே விசாரணை. முடிவில் கைகலப்பு, லெப்டினன்ட் கிளார்க் மாண்டார், கட்டபொம்மன் தப்பினார், அவருடைய காரியக்காரர் சுப்பிரமணிய பிள்ளை பிடிபட்டார். பின்னர் நடந்த விசாரணையில் சென்னை அரசே ஜாக்சன் மேல் தவறு கண்டு அவரை மாற்றியது. அதிகாரம் ஆளைப் பணியவைக்க என்ன செய்யும்? அலையவைக்கும், நிற்கவைக்கும். இருபத்துமூன்று நாள் நடையைப் பன்னிரண்டு நிமிடத்தில், ஒரு வார்த்தை பேசாமல் எடுத்தால் அது வீரபாண்டியக் கட்டபொம்மன் பற்றிய மிக நேர்மையான படமாக இருக்கும்.

அடுத்த ஆண்டு மேஜர் பானர்மேன் மேடை அமைப்பில் இன்னும் தேர்ந்தவராக வந்தார். புதுக்கோட்டைத் தொண்டைமான் பிடித்துக் கொடுத்த கட்டபொம்மனைக் கயத்தாற்றுக்குக் கொண்டுவந்தார்கள். மற்றப் பாளையக்காரர்களைப் பார்வையாளர்களாக உட்காரவைத்து 1799 அக்டோபர் 16 அன்று விசாரணை, அன்றே தீர்ப்பு, அன்றே புளியமரத்தில் தூக்கு. தண்டனையைவிட அதைப் பார்த்தவர்களே அதன் நோக்கம். ஆனால் முக்கிய நடிகர் எழுதிக் கொடுத்தபடி நடிக்கவில்லை. பயமோ கெஞ்சலோ இல்லாமல் எட்டயபுரத்தாரையும் சிவகிரியாரையும் இளக்காரமாகப் பார்த்தார் என்றும், கோட்டையில் சண்டையிட்டுச் சாகாமல் போனோமே என்று வருந்தினார் என்றும் பானர்மேனே மேலிடத்துக்கு எழுதினார். வெள்ளைக்காரன் நடத்திய நாடகத்தின் முதல் விமர்சனக் குறிப்பு வெள்ளைக்காரன் கையாலேயே எழுதப்பட்டது.

பிறகு இந்தப் போர் தொடர்ந்து மேடை மாறிக்கொண்டே இருந்தது. 1801 பிப்ரவரி 2 அன்று பாளையங்கோட்டையில் ஆங்கில அதிகாரிகள் மேஜர் மெக்காலே வீட்டு விருந்தில் இருந்த மாலை நேரத்தில் ஊமைத்துரையும் கூட்டாளிகளும் சிறையிலிருந்து தப்பினார்கள். சில நாளில் கம்பெனிப் படை பாஞ்சாலங்குறிச்சிக்கு வந்து பார்த்தால், இடித்துத் தரைமட்டமாக்கிய கோட்டை எழுந்து நிற்கிறது! மண்ணும் ஆட்களும் மட்டும் வைத்துக் கட்டிய அந்தச் சுவர் மூன்று மாதத்துக்கு மேல் பீரங்கிக்குத் தாக்குப்பிடித்தது. விழுந்த பிறகு அந்த நிலத்தை உழுது ஆமணக்கு விதைத்தார்கள், ஊரின் பெயரையே கணக்கேடுகளிலிருந்து எடுத்தார்கள் என்று சொல்வார்கள். அழிக்கப்பட்ட பெயர் கதைப்பாடலில் போய் ஒளிந்துகொண்டது, நா. வானமாமலை 1971இல் அதைப் பதிப்பித்தார். கூத்திலும் இருந்தது. கட்டபொம்மன் கூத்தைச் சிறுவயதில் பார்த்து நடிப்பாசை பிடித்ததாகச் சொன்ன சிவாஜி கணேசன், 1957இல் சக்தி கிருஷ்ணசாமி எழுத்தில் அதை நாடகமாக்கினார், 1959இல் பி. ஆர். பந்துலு வண்ணப் படமாக்கினார். போர்க்காட்சிகளுக்குப் படக்குழு ஜெய்ப்பூர் வரை போனது. பாஞ்சாலங்குறிச்சிக் கரிசல் மண்ணின் சண்டைக்கு ராஜஸ்தான் மணல் கிடைத்தது. 1960இல் கெய்ரோவில் சிவாஜிக்குச் சிறந்த நடிகர் விருது.

அந்தப் படத்தின் மேல் எனக்கு மனக்குறை கிடையாது; அந்தக் குரல் இல்லையென்றால் கட்டபொம்மனை இன்று இத்தனை பேருக்குத் தெரிந்திருக்காது. ம.பொ.சி. எழுதிய வரலாற்றையும், கட்டபொம்மன் கொள்ளைக்காரன் என்று தமிழ்வாணன் எழுதிய மறுப்பையும் ஒருசேர ஓரத்தில் தள்ளிவிட்டு அந்தக் குரல் முன்னே வந்தது. இராமநாதபுரத்தில் நிற்கவைக்கப்பட்ட மனிதன் திரையில் கர்ஜித்தான். அவமானத்தின் வரலாறு வெற்றியின் அரங்காக மாறியதில், அவமானம் எப்படி நடத்தப்பட்டது என்ற நுட்பம் காணாமல் போயிற்று. 1974இல் தமிழக அரசு பாஞ்சாலங்குறிச்சியில் நினைவுக் கோட்டை கட்டியது. பழைய கோட்டைக்குச் சினிமாக் கோட்டையே சாட்சி என்று எண்ணவைக்கும் கட்டடம். 1990இல் நாங்குநேரிப் பக்கம் விஜயநாராயணத்தில் இந்தியக் கடற்படை ஒரு தளம் திறந்து ஐ.என்.எஸ். கட்டபொம்மன் என்று பெயர் வைத்தது. நீருக்கடியில் திரியும் நீர்மூழ்கிகளுக்கு மிகத் தாழ்ந்த அலைவரிசையில் செய்தி அனுப்பும் நிலையம் அது. திரையில் உரக்கப் பேசிப் பெயரெடுத்த வீரருக்கு, காதில் விழாத பேச்சுக்கான நிலையம்.

பாஞ்சாலங்குறிச்சியில் ரத்தம் உண்டு. தூத்துக்குடித் துறைமுகத்தின் கதையில் பல நேரம் அதுகூட இல்லை. 1658இல் டச்சுக்காரர்கள் போர்த்துக்கீசியரிடமிருந்து ஊரைப் பிடித்தார்கள். ஐரோப்பாவில் ஆங்கிலேயரும் டச்சுக்காரரும் சண்டையிட்டதால் 1782இல் ஊர் ஆங்கிலேயர் கைக்குப் போனது. அங்கே சமாதானம் ஆனதால் 1785இல் திரும்பியது. 1795இல் பிரெஞ்சுப் படைக்குத் தப்பி இங்கிலாந்துக்கு ஓடிய ஆரஞ்சு இளவரசர், லண்டன் அருகே கியூ அரண்மனையில் உட்கார்ந்து, டச்சுக் குடியேற்றங்களை ஆங்கிலேயரிடம் ஒப்படைக்கும்படி கடிதம் எழுதினார். அந்த ஆண்டே தூத்துக்குடி கை மாறியது. 1801இல் கொஞ்ச காலம் ஊமைத்துரையின் ஆட்கள் பிடித்து வைத்திருந்தார்கள். 1818இல் மறுபடி டச்சுக்காரருக்கு. 1825இல் முடிவாக ஆங்கிலேயருக்கு. இத்தனைக்கும் நடுவில் முத்துக்குளிக்கும் பரதவர் கடலுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். சிப்பியில் யாருக்கு எத்தனை பங்கு என்பது மட்டும் ஒவ்வொரு முறையும் புதிதாக எழுதப்பட்டது.

இதற்கெல்லாம் முன்னால், 1530களில் நடந்தது இன்னும் விசித்திரம். தூத்துக்குடியில் ஒரு பரதவருக்கும் ஒரு முஸ்லிம் வணிகருக்கும் தகராறு. கடுக்கனோடு காது அறுபட்டது. அது கலவரமாகி, பரதவர் கொச்சிக்குத் தூது போய், போர்த்துக்கீசியர் காவலும் கத்தோலிக்க மதமும் இந்தக் கரைக்கு வந்தன என்று சேசு சபையினர் குறிப்புகள் சொல்கின்றன. முத்துச் சலாபத்தின் மேலிருந்த போட்டிதான் உண்மைக் காரணம். காது ஒரு சாக்கு. 1739இல் பிரிட்டன் ஸ்பெயின் மேல் தொடுத்த போருக்கு ஜென்கின்ஸ் என்ற கப்பல் தலைவனின் அறுந்த காதைச் சொல்லிப் பெயரே வைத்துவிட்டார்கள். நம் காதுக்கு அந்தப் பெருமை கிடைக்கவில்லை.

கடலுக்கு அந்தப் பக்கம் போனால் சிரிப்பு நின்றுவிடுகிறது. ஈழப்போர்க் காலத்தில் குழந்தை ம. சண்முகலிங்கம் எழுதி, க. சிதம்பரநாதன் நெறியாள்கையில் 1985இல் யாழ்ப்பாணத்தில் அரங்கேறிய ‘மண் சுமந்த மேனியர்’ நாடகம் போரைச் சனங்களின் உடல்மொழியாகக் காட்டியது. விடுதலைப் புலிகளின் நிதர்சனம் பிரிவு குறும்படங்களும் எடுத்தது. அவற்றில் போராளிகளே போராளிகளாக நடித்தார்கள், சிலவேளை எதிரிச் சிப்பாயாகவும் நடித்தார்கள். நடித்தவர் அடுத்த மாதம் உண்மையில் களத்தில் இல்லாமல் போகக்கூடும் என்ற நிலையில், நாடகத்தன்மை என்ற சொல்லையே கூச்சத்தோடுதான் பயன்படுத்த வேண்டியிருக்கிறது. அபத்தத்தைக் கையிலெடுத்தவர்கள் பெரும்பாலும் சிங்கள இயக்குநர்கள். பிரசன்ன விதானகேயின் ‘புரஹந்த களுவர’ (1997), சீல் வைத்த சவப்பெட்டிக்குள் தன் மகன் இல்லை என்று நம்பும் பார்வையற்ற தகப்பனின் கதை. விமுக்தி ஜயசுந்தரவின் படம் ஒன்று, போர்நிறுத்தத்தில் காவல் காக்க ஒன்றுமே இல்லாத காவலனைக் காட்டி 2005இல் கானில் காமிரா தோர் விருது வாங்கியது. இரண்டும் நீளப் படங்கள். இரண்டும் உள்ளுக்குள் குறும்படங்கள்.

நான் பார்த்த அளவில், போரைப் பற்றிய தமிழ்க் குறும்படங்கள் பெரும்பாலும் அழுகையின் பக்கமே நிற்கின்றன. பிணம் தன் வீட்டுப் பிணமாக இருக்கும்போது சிரிக்க முடியாது என்ற நியாயம் அதற்கு உண்டு. மெக்லாரனே சிரிப்பைக் கைக்குழந்தை வரை கொண்டுபோய் மாட்டிக்கொண்டார். தமிழ்நாட்டிலிருந்து எடுப்பவர்களுக்கு அந்த நியாயம் பாதிதான் செல்லும். தொலைக்காட்சிப் போட்டிகளால் குறும்படம் பெருகிய 2009க்குப் பிறகு, அது பெரிய படத்துக்கான நுழைவுத் தேர்வாகிவிட்டது. ஈழம் அந்தத் தேர்வில் மதிப்பெண் தரும் பாடமாகவும் ஆனது. சீருடை வாடகைக்கு எடுத்து, பனந்தோப்பில் புகைவிட்டு, பின்னணியில் வயலின் வைத்தால் வன்னி ஆகிவிடுமா? 1898இன் அட்டைக் கப்பலுக்கும் இதற்கும் வேறுபாடு குறைவு. அவர்களாவது தம்முடையது அட்டை என்று தமக்குள் சிரித்திருப்பார்கள்.

இந்தக் கரையிலேயே இதற்கு ஒரு கருவி கிடக்கிறது. மூவிராசாக்கள், எஸ்தாக்கியார் போன்ற நாடகங்களை ஆடிய கத்தோலிக்கக் கூத்து மரபில் ராசாக்கள் அட்டைக் கிரீடத்தோடும் மரவாளோடும் வரவுப் பாட்டுப் பாடி வருவார்கள். மன்னார்க் கரையிலும் யாழ்ப்பாணத்திலும் இதற்கு நெருங்கிய உறவுகள் உண்டு. தெருக்கூத்திலே ராசா வரும் முன்பே வந்து அவன் பெருமையைச் சொல்லிக்கொண்டே அவனைக் கவிழ்ப்பவன் கட்டியங்காரன். போரின் பகட்டை அதன் பக்கத்திலேயே நின்று நக்கல் செய்ய அவனுக்கு உரிமை உண்டு; அவனை யாரும் தேசத்துரோகி என்று சொன்னதில்லை. மெக்லாரன் தட்டி வீடுகளை வைத்துச் செய்ததை நம் கூத்தர்கள் வெள்ளைத்திரையும் தீப்பந்தமும் வைத்துத் தலைமுறை தலைமுறையாகச் செய்திருக்கிறார்கள். குறும்படக்காரர்கள் தங்கள் முன்னோரை ஐரோப்பாவில் தேடும் நேரத்தில், கட்டியங்காரன் ஊர்த் திருவிழா மேடையில் மைக் கிடைக்காமல் நிற்கிறான்.

கியூ அரண்மனைக் கடிதத்தை அவன் வாயால் சொல்லவைக்கலாம். கடற்கரையில் ஒரு கொடிக்கம்பம், கீழே சிப்பி எண்ணும் ஒரு பெண், மேலே 1782, 1785, 1795, 1801, 1818, 1825 என்று ஆறு முறை மாறும் கொடி. படைக்குச் செலவில்லை, குதிரைக்குச் செலவில்லை. கொடி தைக்க ஒரு தையல்காரர் வேண்டும். அந்த நாற்பத்துச் சொச்சம் ஆண்டில் எல்லா அரசாங்கத்திடமிருந்தும் கூலி பாக்கி வரவேண்டியவர் அவர் ஒருவர்தான் என்று கட்டியங்காரன் கணக்குச் சொல்லுவான்.